வீட்டுக்கடன்: கடைசியில் மொத்தம் எவ்வளவு கட்டுகிறோம்? வாசகர் கேள்வி பதில்

கேள்வி: மதுரையில் பத்து வருஷப் பழைய அடுக்குமாடி வீடு ஒன்றை 65 லட்சத்துக்குப் பேசி முடித்திருக்கிறோம். வங்கியில் 50 லட்சம் கடன், வட்டி 8.5 சதவீதம். 20 வருஷம் என்றால் மாதம் 43,391 ரூபாய், 30 வருஷம் என்றால் 38,446 ரூபாய் என்கிறார்கள். "30 வருஷமே போடுங்கள் மேடம், மாதம் அஞ்சாயிரம் கையில் நிற்கும்" என்கிறார் கடன் பிரிவில் இருப்பவர். என் கணவருக்கு வயது 34. எது நல்லது?
வாசகி, மதுரை

பதில்: அந்த அஞ்சாயிரத்தை முதலில் கணக்குப் போட்டுவிடுவோம் சகோதரி. 20 வருஷக் கடனில் நீங்கள் மொத்தமாகக் கட்டுவது சுமார் 1 கோடியே 4 லட்சம். 30 வருஷத்தில் அதே 50 லட்சத்துக்கு 1 கோடியே 38 லட்சம் கட்டியிருப்பீர்கள். முதல் 20 வருஷத்தில் மாதாமாதம் மிச்சமாகும் 4,945 ரூபாயைக் கூட்டினால் 12 லட்சம்கூட வரவில்லை, ஆனால் அதற்காகக் கடைசிப் பத்து வருஷம் கூடுதலாகக் கட்டப்போவது 46 லட்சம். அதுவும் உங்கள் கணவருக்கு 54 வயதிலிருந்து 64 வரை, பிள்ளைகளின் படிப்பும் கல்யாணமும் உங்கள் இருவரின் மருத்துவச் செலவும் சேர்ந்து வரும் காலத்தில்.

ஏன் இப்படி ஆகிறது என்று புரிந்துகொண்டால் மற்றதெல்லாம் சுலபம். வட்டி எப்போதும் அந்த மாதம் பாக்கி நிற்கும் அசலுக்குத்தான் போடப்படுகிறது. முதல் மாதம் பாக்கி முழு 50 லட்சம், அதற்கு ஒரு மாத வட்டி 35,417 ரூபாய். நீங்கள் கட்டும் 43,391-ல் அது போக அசலில் கழிவது வெறும் 7,974. அடுத்த மாதம் அசல் ஒரு துளி குறைந்திருக்கும், வட்டியும் ஒரு துளி குறையும், இப்படியே நகர்ந்து நகர்ந்து ஐந்து வருஷம் முடியும்போது நீங்கள் 26 லட்சம் கட்டியிருப்பீர்கள், அசலில் ஆறு லட்சம்கூடக் குறைந்திருக்காது. பத்து வருஷ முடிவில் கட்டியது 52 லட்சம், அதாவது வாங்கிய கடனைவிட அதிகம், ஆனால் பாக்கி இன்னும் 35 லட்சம். அசல் பாதியாகக் குறைய ஏறக்குறைய 14 வருஷம் ஆகிறது. இதில் வங்கி ஏமாற்று எதுவும் இல்லை, கூட்டுவட்டிக் கணக்கு அப்படித்தான் ஓடும். ஆனால் இந்த அட்டவணையைக் கையெழுத்துப் போடும் முன்னால் எத்தனை பேருக்குக் காட்டுகிறார்கள் என்பதுதான் என் வருத்தம். நீங்கள் கேட்டு வாங்குங்கள். மாதாமாதம் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு, பாக்கி எவ்வளவு என்று 240 வரியும் இருக்கும். கணவரும் மனைவியுமாக உட்கார்ந்து ஒருமுறை முழுசாகப் பாருங்கள்.

என் யோசனை 20 வருஷம். முடிந்தால் 15-க்கும் கேட்டுப் பாருங்கள், மாதம் 49,237 வரும், மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 38.6 லட்சமாக இறங்கிவிடும். சிலர் சொல்வார்கள், 30 வருஷத்துக்கு வாங்கிவிட்டு 20 வருஷத் தவணையை நாமாகக் கட்டலாமே, கஷ்டம் வந்தால் குறைத்துக்கொள்ளலாமே என்று. கணக்குப்படி அது சரிதான், மாறும் வட்டிக் கடனில் அதிகம் கட்டினால் அபராதமும் கிடையாது. ஆனால் கட்டாயம் இல்லாத பணத்தை இருபது வருஷம் விடாமல் கட்டும் குடும்பங்கள் குறைவு. பள்ளிக் கட்டணம் வரும், தீபாவளி வரும், அஞ்சாயிரம் அதில் கரைந்துவிடும்.

இன்னொன்றையும் இப்போதே எழுதி வையுங்கள். பழைய வீடு என்பதால் முத்திரைத்தீர்வை 7 சதவீதம், பதிவுக்கட்டணம் 2 சதவீதம், 65 லட்சத்துக்குப் பத்திரம் போட்டால் 5 லட்சத்து 85 ஆயிரம். வழிகாட்டி மதிப்பு, அதாவது அந்த இடத்துக்கு அரசு நிர்ணயித்த மதிப்பு, அதைவிட அதிகமாக இருந்தால் அதன்மேல் கணக்கிடுவார்கள். இந்தச் செலவை வீட்டின் மதிப்போடு சேர்த்து வங்கி கடன் தராது, கையிலிருந்துதான் போட வேண்டும். அப்புறம் கடன் பரிசீலனைக் கட்டணம், அதற்கு 18 சதவீத ஜிஎஸ்டி, வக்கீல் கருத்துரை, அசல் பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததைப் பதிவு செய்யும் செலவு என்று ஒவ்வொன்றாக வரும். இதற்கெல்லாம் நகையை அடகு வைத்துவிட்டு அந்த வட்டியைத் தனியாகக் கட்டிக்கொண்டிருக்கும் குடும்பங்கள் நிறைய. அதுவும் வீட்டின் விலையில் சேர்ந்ததுதான். 15 லட்சம் முன்பணம் இருக்கிறது என்று கிளம்பாதீர்கள், 22 லட்சமாவது கையில் இருந்தால்தான் நகையைத் தொடாமல் வீட்டுக்குள் போக முடியும்.

கேள்வி: 2021-ல் 50 லட்சம் கடன் வாங்கினேன், 6.75 சதவீதம், 20 வருஷம், இஎம்ஐ 38,018. அன்றிலிருந்து ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியிருக்கிறேன். இஎம்ஐ ஒரு ரூபாய்கூட ஏறவில்லை என்று நிம்மதியாக இருந்தேன். சமீபத்தில் கணக்கு அறிக்கை எடுத்துப் பார்த்தால் கடன் முடியும் தேதி நான் ஓய்வு பெறும் நாளுக்கும் அப்பால் போய் நிற்கிறது. இது எப்படி நியாயம்?
வாசகர், கோயம்புத்தூர்

பதில்: உங்கள் கோபம் புரிகிறது. நீங்கள் கடன் வாங்கிய நேரத்தில் ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி, அதாவது வங்கிகளுக்கு அது கடன் தரும் வட்டி, 4 சதவீதம். 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தில் போய் நின்றது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடன் வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டப்பட்டிருக்க வேண்டும், பெரும்பாலும் அது ரெப்போதான். ஆகவே உங்கள் 6.75 அப்படியே 9.25 ஆனது. அந்தச் சமயத்தில் உங்கள் பாக்கி சுமார் 48 லட்சம் என்று வைத்துக்கொள்வோம், ஒரு மாத வட்டி மட்டுமே 37,000. நீங்கள் கட்டியதோ 38,018. அசலுக்குப் போனது ஆயிரம் ரூபாய். அந்த வேகத்தில் போனால் முடிய இன்னும் 39 வருஷம் ஆகும். வங்கி இஎம்ஐ-யைத் தொடாமல் காலத்தை நீட்டியது, நீங்கள் கவனிக்கவில்லை, லட்சக்கணக்கானவர்களும் கவனிக்கவில்லை.

இது பெரிய புகாராக எழுந்த பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது வாடிக்கையாளருக்குத் தெரிவிக்க வேண்டும், இஎம்ஐ-யை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்று அவரிடமே கேட்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறை இதுவரை கட்டிய அசல், வட்டி, மீதி இருக்கும் தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் காட்டும் அறிக்கை தர வேண்டும் என்று அதில் இருக்கிறது. உங்களுக்கு அந்த அறிக்கை வருகிறதா பாருங்கள், வராவிட்டால் கிளைக்கு எழுத்தில் கேளுங்கள்.

இப்போது செய்ய வேண்டியது இது. 2025 பிப்ரவரியிலிருந்து ரெப்போ இறங்கத் தொடங்கி ஜூனில் 5.5-க்கு வந்தது. அந்தக் குறைப்பு உங்கள் கணக்கில் இறங்கியிருக்கிறதா என்று பாருங்கள். இறங்கியிருந்தால் இஎம்ஐ-யைக் குறைக்கக் கேட்காதீர்கள், அதே தொகை ஓடட்டும், காலம் தானாகச் சுருங்கும். புதிதாகக் கடன் வாங்குகிறவருக்கு உங்களைவிடக் குறைந்த வட்டி தருகிறார்களா என்றும் விசாரியுங்கள், பல வங்கிகளில் ஒரு சிறு கட்டணம் வாங்கிக்கொண்டு பழைய வாடிக்கையாளரையும் மாற்றித் தருவார்கள். முடியாது என்றால் வேறு வங்கிக்குக் கடனை மாற்றலாம், ஆனால் அங்கே மறுபடியும் பரிசீலனைக் கட்டணம், வக்கீல், பத்திர ஒப்படைப்புப் பதிவு எல்லாம் முதலிலிருந்து வரும். மீதிக் காலம் நிறைய இருந்து, வட்டி வித்தியாசம் அரை சதவீதமாவது இருந்தால் யோசிக்கலாம். முக்கியமாக, புது வங்கியில் மறுபடியும் 20 வருஷம் என்று ஆரம்பித்துவிடாதீர்கள்.

வீட்டுவசதி நிதி நிறுவனத்தில் கடன் வாங்கியவர்களுக்கு ஒரு வார்த்தை. அங்கே பெரும்பாலும் ரெப்போ கணக்கு இல்லை, அவர்களே ஒரு அடிப்படை விகிதம் வைத்திருப்பார்கள். ஏறும்போது வேகமாகவும் இறங்கும்போது மெதுவாகவும் அது நகரும் என்பது பலரின் அனுபவம். நீங்கள் இன்னும் அடிக்கடி பார்க்க வேண்டும்.

கேள்வி: கடன் ஒப்புதல் ஆகும் நேரத்தில் "இன்ஷூரன்ஸ் கட்டாயம்" என்று 1.5 லட்சம் பிரீமியம் போட்டு, அதையும் கடனிலேயே சேர்த்துவிட்டார்கள். சரியா?
வாசகர், தஞ்சாவூர்

பதில்: அவர்கள் விற்கும் ஆயுள் காப்பீட்டைத்தான் எடுக்க வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை. கடனில் சேர்த்துவிட்டதால் அந்த 1.5 லட்சத்துக்கும் 20 வருஷம் வட்டி ஓடுகிறது. 8.5 சதவீதத்தில் மாதம் 1,302 ரூபாய், மொத்தம் 3 லட்சத்து 12 ஆயிரம். காப்பீடு வேண்டாம் என்று நான் சொல்லவே மாட்டேன், சம்பாதிக்கிறவர் போய்விட்டால் குடும்பத்தின் தலையில் கடன் விழக்கூடாது. அதற்குத் தனியாக ஒரு டேர்ம் பாலிசி, அதாவது உயிரிழப்புக்கு மட்டும் பணம் தரும் பாலிசி எடுங்கள், பணம் குடும்பத்தின் கைக்கு வரும், கடன் வங்கி மாறினாலும் பாலிசி உங்களோடு இருக்கும். பாலிசி கைக்கு வந்து 30 நாளுக்குள் திருப்பிக் கொடுக்கும் உரிமை உண்டு. அந்தக் காலம் தாண்டவில்லை என்றால் இன்றே எழுதிக் கொடுங்கள்.

கேள்வி: கம்பெனியில் போனஸ் ஒரு லட்சம் வந்திருக்கிறது. கடன் எடுத்து ஒரு வருஷம் ஆகிறது. நண்பர்கள் "வீட்டுக்கடனுக்கு வரிச்சலுகை இருக்கு, அடைக்காதே, மியூச்சுவல் ஃபண்டில் போடு" என்கிறார்கள். என்ன செய்ய?
வாசகி, ஓசூர்

பதில்: வரிச்சலுகை என்ற பேச்சை முதலில் முடித்துவிடுவோம். புதிய வரிமுறையில் இருந்தால், குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு உங்களுக்கு எந்தக் கழிவும் இல்லை. பழைய முறையில் வருஷத்துக்கு 2 லட்சம் வரை. முதல் கேள்வியில் பார்த்த 50 லட்சம், 8.5 சதவீதம், 20 வருஷக் கடனையே எடுத்துக்கொண்டால், முதல் வருஷ வட்டி மட்டும் 4 லட்சத்து 21 ஆயிரம். நீங்கள் 30 சதவீத வரி கட்டுகிறவராக இருந்தால்கூட அந்த 2 லட்சத்தால் மிச்சமாவது 62,400 ரூபாய்தான். 62,400 மிச்சம் பிடிக்க 4.21 லட்சம் வட்டி கட்டுவதை லாபம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

அந்த ஒரு லட்சத்தை இப்போது, முதல் வருஷ முடிவில், அசலில் கட்டினால் கடைசியில் 11 தவணைகள் கழிந்துபோகும். போட்ட பணம் போக மிச்சம் சுமார் 3 லட்சத்து 80 ஆயிரம். இதே ஒரு லட்சத்தை 15-வது வருஷம் கட்டினால் மிச்சம் 50 ஆயிரம் சொச்சம்தான். அதனால்தான் முன்கூட்டிக் கட்ட நினைப்பவர்களுக்குத் திரும்பத் திரும்பச் சொல்கிறேன், ஆரம்ப வருஷங்களில் கட்டுங்கள். பி.எஃப். முதிர்ந்து வரட்டும், ஊர் நிலத்தை விற்றதும் பார்ப்போம் என்று காத்திருந்தால் வட்டியின் பெரும் பகுதி அதற்குள் போயிருக்கும்.

ஃபண்ட் 12 சதவீதம் தராதா என்றால், நீண்ட காலத்தில் தரலாம், தராமலும் போகலாம். வேலை போகும் பயம் இல்லாதவர், பங்குச்சந்தை இறங்கும்போது தூக்கம் கெடாதவர் பாதி அங்கே பாதி இங்கே என்று செய்யட்டும். ஆனால் ஆறு மாத இஎம்ஐ-க்கான பணம் வங்கியில் தனியாக இல்லை என்றால் இரண்டும் வேண்டாம், முதலில் அதைச் சேருங்கள். ஐ.டி., ஆலை வேலை என்று தனியார் சம்பளத்தில் இருப்பவர்கள் இதைத் தட்டிக்கழிக்கவே கூடாது.

போனஸ் ஒவ்வொரு வருஷமும் வரும் என்று நம்ப முடியாது. சம்பளம் கூடும்போது இஎம்ஐ-யையும் வருஷம் 5 சதவீதம் ஏற்றச் சொல்லி வங்கியிடம் எழுதிக் கொடுங்கள். 50 லட்சம், 20 வருஷக் கடன் பன்னிரண்டேகால் வருஷத்தில் முடிந்துவிடும், வட்டியில் கிட்டத்தட்ட 19.5 லட்சம் மிஞ்சும். அதுவும் முடியாதவர்கள் வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலும் மூன்று வருஷத்துக்கு மேல் குறைகிறது, 10 லட்சம் அளவுக்கு மிச்சம். இப்படி முன்கூட்டிக் கட்டும்போது "இஎம்ஐ-யைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கொடுத்து, அடுத்த மாதம் அறிக்கையில் தவணை எண்ணிக்கை குறைந்திருக்கிறதா என்று சரிபாருங்கள். உங்களுடையது நிலையான வட்டிக் கடன் என்றால் மட்டும் முன்கூட்டிக் கட்டக் கட்டணம் உண்டா என்று ஒப்பந்தத்தில் பார்த்துவிட்டுக் கட்டுங்கள்.

கேள்வி: கடனை முழுசாக அடைத்து இரண்டு மாதம் ஆகிறது, பத்திரம் இன்னும் வரவில்லை. "ஹெட் ஆபீஸில் இருக்கு" என்கிறார்கள்.
வாசகர், சென்னை

பதில்: முழுக்கடன் அடைந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், அவர்கள் பக்கத் தாமதம் என்றால் நாளுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். 2023 டிசம்பர் 1-லிருந்து இது ரிசர்வ் வங்கி விதி. இதைக் குறிப்பிட்டு, கடன் முடிந்த தேதியையும் எழுதிக் கிளை மேலாளருக்கு மின்னஞ்சல் அனுப்புங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால், அல்லது வந்த பதில் திருப்தியாக இல்லாவிட்டால், ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் இணையம் வழியே புகார் செய்யலாம், கட்டணம் இல்லை.

பத்திரம் வந்ததும் பீரோவில் வைத்துவிடாதீர்கள். கடன் கொடுத்தபோது சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவான பத்திர ஒப்படைப்பை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தை வங்கி அங்கேயே பதிவு செய்து தர வேண்டும். பிறகு வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள், ரத்துப் பதிவு அதில் ஏறியிருக்க வேண்டும். நாளை வீட்டை விற்கவோ பிள்ளைகள் பேருக்கு எழுதவோ போகும்போது முதலில் பார்ப்பது அதைத்தான். உங்கள் கடன் வரலாற்றைக் காட்டும் சிபில் அறிக்கையிலும் அந்தக் கடன் முடிந்ததாகக் காட்டுகிறதா என்று ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.