ஏழு வயதானால் பையனை அத்தாவிடம் (தகப்பனிடம்) விட்டுவிட வேண்டுமா?

கேள்வி: குலா (மனைவி கேட்டுப் பெறும் மணவிலக்கு) கேட்டுக் கணவரைப் பிரிந்து எட்டு மாதமாகிறது. மகனுக்கு ஆறரை வயது, மகளுக்கு ஒன்பது. இருவரும் என்னோடு தஞ்சாவூரில் இருக்கிறார்கள். ‘ஏழு முடிந்ததும் பையனை அத்தா வீட்டில் விட வேண்டும், பிள்ளைகள் செலவுக்குக் காசு கேட்கக் கூடாது’ என்று எழுதி ஜமாஅத்தில் என்னிடம் கையெழுத்து வாங்கினார்கள். அடுத்த மாதம் அவர் சவூதியிலிருந்து விடுப்பில் வருகிறார். பையனை அனுப்பித்தான் ஆக வேண்டுமா?

பதில்: கையெழுத்துப் போட்டுவிட்டோமே என்பதற்காக அனுப்ப வேண்டியதில்லை. ஜமாஅத் எழுத்து நீதிமன்ற உத்தரவு ஆகாது.

ஏழு என்ற கணக்கு ஹனஃபி மத்ஹபில் (மார்க்கச் சட்டப் பிரிவில்) உள்ளது. ஆண் பிள்ளை ஏழு வயது வரை, பெண் பிள்ளை பருவமடையும் வரை தாயிடம் வளர வேண்டும் என்பது அதன் சட்டம். ஷாஃபி மத்ஹபில் விவரம் தெரிந்த பிள்ளை, ஏழு வயதளவில், யாரோடு இருப்பது என்று தானே சொல்லலாம். நம் கடற்கரை ஊர்களில் ஷாஃபிகள்தான் அதிகம். அங்கேயும் ‘ஏழு வந்தால் அத்தாவுக்கு’ என்று அடித்துப் பேசுபவர்களைப் பார்த்திருக்கிறேன்.

வழக்கு என்று வந்தால், வக்கீல்கள் ‘கார்டியன்ஸ் ஆக்ட்’ என்று சொல்லும் 1890-ஆம் ஆண்டுக் காப்பாளர் சட்டம்தான் பேசும். அதன் 17-ஆம் பிரிவு மார்க்கச் சட்டத்தையும் பார்க்கச் சொல்கிறது. ஆனால் நீதிமன்றங்கள் பிள்ளையின் நலனையே முதலில் வைக்கின்றன. அவர் சவூதிக்குத் திரும்பிய பின் பையனை யார் பார்த்துக்கொள்வார் என்ற கேள்வி உங்களுக்குச் சாதகமானது. விவரம் தெரிந்த பிள்ளையென்றால் நீதிபதி தனியாக அழைத்தும் பேசுவார். சொல்லிக்கொடுத்து அனுப்பாதீர்கள், இரண்டாவது கேள்வியிலேயே தெரிந்துவிடும்.

அதற்காக அத்தாவுக்கு உரிமையே இல்லை என்று நினைக்க வேண்டாம். வளர்ப்பது வேறு, வலீயாக (சட்டப்படியான காப்பாளராக) இருப்பது வேறு, வலீ அவர்தான். மைனர் பிள்ளையின் சொத்தைத் தாய் தானாக விற்றால் செல்லாது என்று 1918-லேயே பிரிவி கவுன்சில் (ஆங்கிலேயர் கால உச்ச மேல்முறையீட்டு மன்றம்) சொல்லிவிட்டது.

செலவுக் காசு விஷயத்தில் தயங்கவே வேண்டாம். குலாவுக்காக நீங்கள் மஹரை (கணவர் தரும் மணக்கொடையை) விட்டுக்கொடுக்கலாம். பிள்ளைகளின் ஜீவனாம்சம் அவர்களுடையது, அதை விட்டுக்கொடுக்க உங்களுக்கு உரிமை இல்லை. வசதியுள்ள தகப்பன் பிள்ளைகள் மேஜராகும் வரையும், மகளுக்குத் திருமணமாகும் வரையும் கொடுக்க வேண்டும் என்று நூர் சபா காத்தூன் வழக்கில் 1997-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஜீவனாம்சத்துக்கான பழைய 125-ஆம் பிரிவு இப்போது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 144 ஆகியிருக்கிறது. அதில் மனு போடலாம்.

அப்புறம், உங்கள் குலா சான்றிதழ் ஜமாஅத் கொடுத்தது மட்டும்தானா? தனியார் அமைப்புகள் அப்படிச் சான்றளிக்க முடியாது என்று 2023-இல் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. குடும்ப நல நீதிமன்றத்தில் அதையும் உறுதிசெய்துகொள்ளுங்கள்.

அவர் வரும்வரை காத்திருக்காமல் இப்போதே மனு போட்டு இடைக்கால உத்தரவு கேளுங்கள். பையனுக்குப் பாஸ்போர்ட் இருந்தால், வெளிநாட்டுக்கு அழைத்துப்போகத் தடையும் சேர்த்துக் கேளுங்கள். ஆனால் விடுப்பில் வருபவர் பிள்ளைகளைப் பார்ப்பதைத் தடுக்காதீர்கள். அப்படித் தடுத்தால் வழக்கில் அது உங்களுக்கு எதிராகவே திரும்பும்.