அக்கம்பக்கம் எத்தனை பேர்? பல துகள் கணக்குகள் பற்றி ஒரு கேள்வி பதில்

திரவங்களையும் உப்புக் கரைசல்களையும் கணினிக்குள் ஓடவிட்டுப் பார்ப்பது இருபது வருடமாக என் வேலை. ஒன்றையொன்று இழுத்தும் தள்ளியும் கொண்டிருக்கும் ஏராளமான துகள்களை எப்படித் தோராயமாகக் கணக்கிடுவது என்று கேட்டு வந்த கேள்விகளைக் கொஞ்சம் சுருக்கி, பதிலோடு தருகிறேன்.

பன்னிரண்டாம் வகுப்பு மாணவர்: அண்ணா, சூரியனும் பூமியும் மட்டும் என்றால் நீள்வட்டம் என்று சூத்திரம் இருக்கிறது. நிலாவையும் சேர்த்தால் சூத்திரமே இல்லை என்கிறார்கள். நிஜமாகவே இல்லையா, இன்னும் கண்டுபிடிக்கவில்லையா?

ஒரு விதத்தில் இருக்கிறது தம்பி. பின்லாந்துக்காரரான கார்ல் சுண்ட்மன் 1912-இல் மூன்று பொருள் கணக்குக்கு முடிவில்லாத் தொடராக ஒரு விடை கொடுத்தார். ஆனால் பயனுள்ள துல்லியம் வருவதற்குக் கூட்ட வேண்டிய உறுப்புகளின் எண்ணிக்கை எந்தக் கணினியாலும் தாங்க முடியாதது. அதற்கு முன்பே, 1890 வாக்கில், பிரான்சின் புவான்காரே இன்னொரு சிக்கலைக் கண்டிருந்தார்: தொடக்கத்தில் ஒரு மயிரிழை மாறினால் போதும், பின்னால் பாதையே வேறாகிவிடும்.

துகள்கள் கூடும்போது எண்ணிக்கையும் பாரமாகிறது. ஆயிரம் துகள் என்றால் 4,99,500 ஜோடிகள். பத்து லட்சம் துகள் என்றால் ஏறக்குறைய 50,000 கோடி ஜோடிகள். ஒவ்வொரு ஜோடிக்கும் விசை கணக்கிட வேண்டும், காலத்தைச் சின்னச் சின்னத் துண்டுகளாக நகர்த்தும் ஒவ்வொரு நேரப்படியிலும் அதை மறுபடி செய்ய வேண்டும். அதனால் எதையாவது விட்டுவிட்டுத்தான் கணக்குப் போட முடியும். எதை விடலாம் என்பதுதான் கேள்வி.

எம்.எஸ்சி. இயற்பியல் மாணவி: சராசரிப் புலத் தோராயத்தைப் படித்துத் தேர்வும் எழுதிவிட்டேன். அது எப்போது சரியாக வரும், எப்போது பொய் சொல்லும் என்று மட்டும் யாரும் சொல்லித் தரவில்லை.

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இது, அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

தேர்த் திருவிழாக் கூட்டத்தின் நடுவில் மாட்டிக்கொண்டால் உங்களைத் தள்ளுவது யார் என்று பெயர் சொல்ல முடியாது, கூட்டமே தள்ளுகிறது. ஒருவர் விலகிப் போனாலும் உங்களுக்கு வித்தியாசம் தெரியாது. நாலு பேர் உட்காரும் திண்ணையில் அப்படியில்லை, ஒருவர் எழுந்து போனாலே உங்கள் இடம் மாறிவிடும். தனித்தனி அண்டையாரை மறந்துவிட்டு அவர்களின் சராசரியை மட்டும் வைத்துக்கொள்வதுதான் சராசரிப் புலம். காந்தங்களுக்காக 1907-இல் பியேர் வைஸ் இதைக் கொண்டுவந்தார். கூட்டத்துக்கு இது பொருந்தும், திண்ணைக்குப் பொருந்தாது.

கையாலேயே போட்டுப் பார்க்கலாம். சதுரக் கட்டங்களில் குட்டிக் காந்தங்கள், ஒவ்வொன்றும் மேலோ கீழோ பார்க்கும், ஒவ்வொன்றுக்கும் 4 அண்டை. இதுதான் ஐசிங் மாதிரி. அண்டைப் பிணைப்பின் வலிமையை 1 என்று வைத்து, வெப்பநிலையையும் அதே அளவில் சொல்கிறேன். வெப்பநிலை 3 என்று எடுங்கள். சராசரிக் காந்தம் 0.5 என்று ஒரு ஊகம் வையுங்கள். அதை 4-ஆல் பெருக்கி, 3-ஆல் வகுத்து, கால்குலேட்டரில் ஹைப்பர்பாலிக் டேன் (tanh) எடுத்தால் 0.583 வரும். அதையே திரும்ப உள்ளே போட்டால் 0.651, அப்புறம் 0.700. இப்படியே ஏறி 0.78-ஐ ஒட்டி நின்றுவிடும். அதாவது இந்த வெப்பநிலையில் இது வலுவான காந்தம் என்று சராசரிப் புலம் அடித்துச் சொல்கிறது.

உண்மையான விடை பூஜ்யம். லார்ஸ் ஒன்சாகர் 1944-இல் இந்தச் சதுரக் கட்டக் கணக்கைத் தோராயமே இல்லாமல் தீர்த்தார். காந்தத்தன்மை 2.269-க்குக் கீழேதான் உண்டு என்று அதில் தெரிந்தது. சராசரிப் புலம் சொல்லும் எல்லை 4. ஒரே வரிசையில் நிற்கும் காந்தங்களுக்கு நிலைமை இன்னும் மோசம். சராசரிப் புலம் 2 என்கிறது, எர்ன்ஸ்ட் ஐசிங்கோ பூஜ்யத்துக்கு மேல் எந்த வெப்பநிலையிலும் காந்தமே கிடையாது என்று 1925-இல் காட்டிவிட்டார். முப்பரிமாணக் கனசதுர அடுக்கில் 6 அண்டை. அங்கே சராசரிப் புலத்தின் விடை 6, உண்மை சுமார் 4.51. விகிதங்களைப் பாருங்கள், அண்டை கூடக்கூடத் தவறு சுருங்கிக்கொண்டே வருகிறது.

நடுவில் ஒரு வழியும் இருக்கிறது. ஒரு துகளையும் அதன் நேரடி அண்டையாரையும் ஒழுங்காகக் கணக்கிட்டு, அதற்கு அப்பால் உள்ளவர்களை மட்டும் சராசரியாக்குவது. இது ஹன்ஸ் பெத்தே 1935-இல் தந்த வழி. சதுரக் கட்டத்துக்கு 2.885 தருகிறது. ஒற்றை வரிசைக்குச் சரியாகப் பூஜ்யமே தருகிறது. கொஞ்சம்தான் கூடுதல் உழைப்பு, ஆனால் பொய் பெருமளவு குறைந்துவிடுகிறது. இனி எந்தப் பாடத்தில் சராசரிப் புலம் வந்தாலும் முதலில் "ஒரு துகளுக்கு அக்கம்பக்கம் எத்தனை பேர்?" என்று கேளுங்கள். அடுத்து, "அவர்களில் ஒருவர் மாறினால் அதற்குத் தெரியுமா?" என்று கேளுங்கள்.

வானியல் ஆர்வலர்: நம் பால்வெளி போன்ற மண்டலத்தில் 10,000 கோடி நட்சத்திரங்கள். ஒவ்வொன்றும் மற்ற எல்லாவற்றையும் இழுக்கிறது. இதை எப்படிச் சராசரி என்று ஒதுக்க முடியும்?

இதுதான் அசல் தேர்க் கூட்டம். ஒரு நட்சத்திரம் மண்டலத்தைக் குறுக்கே கடக்கும்போது எதிர்ப்படும் தனி நட்சத்திரங்கள் அதன் பாதையை லேசாகக் கலைக்கின்றன. இந்தக் கலைப்புகள் சேர்ந்து பாதையையே மாற்ற எத்தனை முறை கடக்க வேண்டும்? எண்ணிக்கையை அதன் இயல் மடக்கையின் 8 மடங்கால் வகுத்தால் தோராயமாகக் கிடைக்கும். 10,000 கோடி நட்சத்திரத்துக்குச் சுமார் 50 கோடி முறை. பிரபஞ்சத்தின் வயதான 1,380 கோடி வருடத்தில் நூறு சொச்சம் முறை கடந்திருந்தாலே அதிகம். ஆக, தனி நட்சத்திரத்தை மறக்கலாம்.

ஒரு லட்சம் நட்சத்திரங்கள் மட்டும் பந்து போல் நெருங்கிக் கூடிய கோளகக் கொத்தில் இதே கணக்கு சுமார் 1,100 முறை என்று வரும். ஒரு முறை கடக்கப் பத்து லட்சம் வருடம் என்றால் மொத்தம் நூறு கோடி வருடம்தான். அதற்கு எப்போதோ நேரம் கிடைத்துவிட்டது! அங்கே ஜோடி ஜோடியாகத்தான் கணக்கிட வேண்டும். இந்தத் தனிச் சந்திப்புகளின் கணக்கை 1940-களில் ஒழுங்காக எழுதிவைத்தவர்களில் முக்கியமானவர் சென்னை மாநிலக் கல்லூரியில் படித்த சந்திரசேகர்.

இதோடு ஒரு சம்பவத்தையும் சொல்லியே ஆக வேண்டும். கணினி இல்லாத 1941-இல் சுவீடனின் எரிக் ஹோல்ம்பர்க் இரண்டு நட்சத்திர மண்டலங்கள் நெருங்கி வந்தால் என்ன ஆகும் என்று பார்க்க விரும்பினார். ஒரு மண்டலத்துக்கு 37, மொத்தம் 74 மின்விளக்குகளை மேசையில் பரப்பினார். ஈர்ப்பு விசையைப் போலவே வெளிச்சமும் தூரத்தின் இருமடிக்கு ஏற்பக் குறையும். அதனால் ஒரு விளக்கு இருந்த இடத்தில் ஒளியை அளக்கும் போட்டோசெல்லை வைத்து, எந்தத் திசையிலிருந்து எவ்வளவு வெளிச்சம் வருகிறது என்று அளந்தால் அங்கே செயல்படும் விசை கிடைத்துவிடும். அதன்படி விளக்கைக் கையால் நகர்த்தி வைத்து, அடுத்ததை அளப்பார். எத்தனை ஜோடி இருந்தாலும் வெளிச்சமே எல்லாவற்றையும் கூட்டிக் கொடுத்துவிடுகிறது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்குச் சிலிர்க்கும்.

விளையாட்டு மென்பொருள் எழுதுபவர்: 50,000 துகள் வைத்து ஒரு காட்சி செய்கிறேன். பார்ன்ஸ்–ஹட் மரம் எழுதச் சொல்கிறார்கள். எழுதவா?

உங்கள் துகள்கள் எவ்வளவு தூரம் வரை ஒன்றையொன்று உணர்கின்றன? மணல், நீர்த்துளி போல் தொட்டால் மட்டும் தள்ளும் என்றால் மரம் வேண்டாம். விசை எட்டும் தூரத்தின் அளவுக்கு இடத்தைக் கட்டம் கட்டமாகப் பிரியுங்கள், தன் கட்டத்தையும் சுற்றியுள்ள கட்டங்களையும் மட்டும் பாருங்கள். வேலை துகள் எண்ணிக்கைக்கு நேர் விகிதத்தில்தான் ஏறும்.

ஈர்ப்பு, மின்விசை என்றால் மரம்தான். ஜோஷ் பார்ன்ஸும் பியட் ஹட்டும் 1986-இல் தந்த யோசனை எளிமையானது: தூரத்தில் உள்ள ஒரு கொத்தை அதன் மையத்தில் நிற்கும் ஒரே கனமான துகளாக எண்ணிக்கொள்வது. கொத்தின் அகலத்தைத் தூரத்தால் வகுத்து, 0.5-க்குக் கீழே வந்தால் கொத்தாகவே எடுங்கள், இல்லையென்றால் பிரித்து உள்ளே போங்கள். இரண்டு துகள் மிக நெருங்கினால் விசை எல்லை மீறி எகிறும். தூரத்தோடு ஒரு சிறு நீளத்தைச் சேர்த்து அதை மழுக்கிவிட மறக்காதீர்கள்.

முனைவர் பட்ட ஆய்வாளர்: சார், ஆர்கான் திரவ சிமுலேஷன் ஓட்டுகிறேன். மொத்த ஆற்றல் மெதுவாக ஏறிக்கொண்டே போகிறது. நேரப்படியைப் பாதியாக்கியும் நிற்கவில்லை.

எந்த அணுவுக்கு யார் யார் பக்கத்தில் என்று நிரல் குறித்துவைக்கும் அண்டைப் பட்டியலைப் பாருங்கள். இதே நோயில் நான் மூன்று வாரம் தொலைத்திருக்கிறேன். 2.5 அணு விட்டத்துக்கு அப்பால் விசையே இல்லை என்று வெட்டியிருந்தேன், பட்டியலை 2.6 வரை எடுத்திருந்தேன், 20 படிக்கு ஒரு முறைதான் புதுப்பித்தேன். இடையில் வேகமான அணுக்கள் பட்டியலில் சேராமலேயே எல்லைக்குள் நுழைந்துவிட்டன. அருகில் வந்து நிற்பவரை நிரல் கண்டுகொள்ளவே இல்லை! பட்டியலைப் படிக்குப் படி புதுப்பித்து ஒரு சின்ன ஓட்டம் விடுங்கள். ஏற்றம் நின்றால் காரணம் இதுதான், வெட்டிய தூரத்துக்கும் பட்டியலின் தூரத்துக்கும் நடுவே உள்ள ஓரப் பட்டையை அகலமாக்குங்கள். நிற்காவிட்டால் வெட்டிய இடத்தில் விசை திடீரென்று பூஜ்யமாகிறதா என்று பாருங்கள், அதை மெல்ல இறங்கும்படி மாற்றிவிடலாம்.

நீங்கள் ஓட்டும் ஆர்கானுக்கு ஒரு வரலாறு உண்டு. ஐதராபாத்தில் பிறந்த அனீசுர் ரஹ்மான் 1964-இல் அமெரிக்காவின் ஆர்கோன் ஆய்வகத்தில் 864 ஆர்கான் அணுக்களை 94.4 கெல்வினில் ஓட்டினார். நிஜமான ஒரு திரவத்தைப் போல நடந்துகொண்ட முதல் கணினித் திரவம் அதுதான். இன்று நாம் ஓட்டும் எல்லாமே அந்தக் குடும்பம்.

ஓய்வு பெற்ற கணித ஆசிரியர்: சிறு பிழை கூடப் பெரிதாகும் என்றால், கணினி காட்டும் பாதை பொய்தானே? பிறகு எப்படி நம்புவது?

பாதை பொய்தான் ஐயா. அணு எண் 312 இப்போது எங்கே என்று என் கணினி சொல்வதை நான் நம்பமாட்டேன். ஆனால் அழுத்தம், பரவும் வேகம், ஓர் அணுவைச் சுற்றி எந்தத் தூரத்தில் எத்தனை அணு என்பவையெல்லாம் பாதையைச் சார்ந்தவை அல்ல, சராசரியைச் சார்ந்தவை. அவற்றைச் சோதனையோடு ஒப்பிட்டுப் பார்க்க முடியும். வேறு வேறு தொடக்கத்திலிருந்து ஐந்து முறை ஓட்டி, ஐந்தும் ஒரே சராசரிக்கு வருகிறதா என்று பார்ப்பது என் வழக்கம்.

உயிரித் தொழில்நுட்ப மாணவர்: அணுவை வெறும் கடினமான பந்து என்று வைப்பது ரொம்பவும் முரட்டுத்தனமாக இல்லையா?

முரட்டுத்தனம்தான். ஆனால் கேள்விக்கு ஏற்ற முரட்டுத்தனம் என்றால் அது பலம். 1957-இல் ஆல்டரும் வெயின்ரைட்டும் வெறும் கடினக் கோளங்களை நெருக்கினார்கள். இழுக்கும் விசையே இல்லாமல் அவை படிகமாக அடுக்கிக்கொண்டன. 1963-இல் சென்னைப் பல்கலைக்கழகத்தில் ஜி.என். ராமச்சந்திரனும் அவர் குழுவும் புரதச் சங்கிலியின் அணுக்கள் ஒன்றையொன்று இடிக்கக்கூடாது என்ற ஒரே நிபந்தனையிலிருந்து எந்தக் கோணங்கள் சாத்தியம் என்று வரைந்தார்கள். புரதக் கட்டமைப்பைச் சரிபார்க்க இன்றும் அந்தப் படம் எடுக்காமல் யாரும் இருப்பதில்லை.

ஐ.டி. ஊழியர்: இதற்கும் கணினி அறிவியலுக்கும் என்ன சம்பந்தம்? ஏ.ஐ.யோடு சேர்த்துப் பேசுகிறார்களே.

உங்கள் கைபேசியிலிருந்தே தொடங்கலாம். 5ஜி-யில் வரும் தரவில் சத்தம் கலந்து சில பிட்டுகள் கெட்டுப்போகும். ஒவ்வொரு பிட்டும் தன்னோடு சம்பந்தப்பட்ட சில சோதனைச் சமன்பாடுகளோடு செய்தி பரிமாறி, தான் 0-வா 1-ஆ என்று படிப்படியாக முடிவுக்கு வருகிறது. அந்தச் செய்திப் பரிமாற்ற முறை எங்கே போய் நிற்கிறதோ, அது பெத்தேயின் தோராயம் தரும் விடைதான். உலோகக் கலவைகளுக்காக 1935-இல் எழுதியது கைபேசிக்குள் உட்கார்ந்திருக்கிறது! நரம்பு வலைகளிலும் அப்படித்தான். ஜான் ஹாப்ஃபீல்டின் 1982 மாதிரி, மேலும் கீழும் பார்க்கும் ஐசிங் காந்தங்களை நினைவாற்றலாக மாற்றியது. 2024 இயற்பியல் நோபல் அவருக்கும் ஜெஃப்ரி ஹின்டனுக்கும் கிடைத்தது.

பி.எஸ்சி. மாணவி: வீட்டில் ஒரு சாதாரண லேப்டாப் இருக்கிறது. எதில் தொடங்கலாம்?

32-க்கு 32 சதுரக் கட்டம் எடுங்கள், எல்லாவற்றையும் மேல்நோக்கி வையுங்கள். ஒரு காந்தத்தைக் குருட்டாம்போக்கில் தேர்ந்தெடுத்து, திருப்பினால் ஆற்றல் எவ்வளவு மாறும் என்று அதன் 4 அண்டையரை வைத்துக் கணக்கிடுங்கள். ஆற்றல் குறைந்தால் திருப்பிவிடுங்கள். கூடினால், அந்தக் கூடுதலை வெப்பநிலையால் வகுத்து, எதிர்க்குறியோடு அடுக்குக்குறிச் சார்பில் (exp) போட்டு வரும் நிகழ்தகவில் மட்டும் திருப்புங்கள். இது 1953-இல் அமெரிக்காவின் லாஸ் அலமோஸ் ஆய்வகத்தில் 224 வட்டுகளுக்காக உருவான மெட்ரோபோலிஸ் முறை. அதன் நிரலை எழுதியவர் அரியானா ரோசன்புளூத் என்ற பெண், அவர் பெயரை நினைவில் வையுங்கள்.

பைத்தானில் முப்பது வரி போதும். முதலில் வெப்பநிலை 3-இல் ஓட்டுங்கள். சராசரி 1-இலிருந்து சரிந்து, மேலே சராசரிப் புலம் சொன்ன 0.78-ஐத் தாண்டி இறங்கி, பூஜ்யத்தைச் சுற்றி ஆடும். பிறகு 2-இல் ஓட்டுங்கள், 0.91-ஐ ஒட்டி நிற்கும், சராசரிப் புலமோ அங்கே 0.96 சொல்லும். கடைசியாக 2.27-இல் ஓட்டி, கட்டத்தைப் படமாகவே திரையில் விடுங்கள். மேல், கீழ் என்று எல்லா அளவிலும் தீவுகள் தோன்றித் தோன்றிக் கரையும். ஓட்டியதும் அந்தப் படத்தை எனக்கு அனுப்புங்கள்.