வீட்டுக் கணினியில் பாட்டு சி.டி.: வாசகர் கேள்வி – பதில்

பென் டிரைவ் வந்த பிறகு சி.டி.யை யார் தேடுகிறார்கள் என்ற எண்ணம் பலருக்கு உண்டு. ஆனால் ஒலிப்பதிவு குறித்து இம்மாதம் எங்களுக்கு வந்த கடிதங்களில் பெரும்பாலானவை சி.டி. பற்றியவை, அவையும் ராமநாதபுரம் மாவட்டத்துக் கடற்கரை ஊர்களிலிருந்து வந்தவை. ஆகவே அவற்றைச் சேர்த்து இவ்விதழில் தருகிறோம்.

கேள்வி: கைபேசியில் இருந்த மாதா பாடல்கள் நூற்றுக்கும் மேற்பட்டவற்றைக் கணினியில் ஏற்றி, ஒரே சி.டி.யில் பதிந்தேன். கணினியில் பாடுகிறது, அண்ணன் காரிலும் பாடுகிறது. அம்மா வைத்திருக்கும் பழைய பிளேயரில் மட்டும் சற்று நேரம் சுழன்றுவிட்டு 'நோ டிஸ்க்' என்று காட்டுகிறது. பழுது எதில்?
– வாசகி, தங்கச்சிமடம்

பதில்: எதிலும் பழுதில்லை. நூற்றுக்கும் மேற்பட்ட பாடல்கள் ஒரே சி.டி.யில் அடங்கின என்று நீங்கள் எழுதியிருப்பதிலிருந்தே நடந்தது விளங்குகிறது. நீங்கள் பதிந்தது, ஒலியைச் சுருக்கி வைக்கும் எம்பி3 கோப்புகள் நிறைந்த டேட்டா சி.டி.; அம்மாவின் பிளேயருக்குப் படிக்கத் தெரிந்ததோ ஆடியோ சி.டி. மட்டும். பிலிப்ஸ், சோனி ஆகிய இரு நிறுவனங்களும் சேர்ந்து 1980இல் வகுத்த விதிமுறைப்படி, ஆடியோ சி.டி.யில் ஒலியானது விநாடிக்கு 44,100 மாதிரிகளாக, ஒவ்வொரு மாதிரியும் 16 பிட் அளவில், இடம் வலம் என இரு தடங்களில், எந்தச் சுருக்கமும் செய்யப்படாமல் பதியப்படுகிறது. அதில் கோப்பு, கோப்புறை என்ற ஏற்பாடே கிடையாது. எம்பி3 பரவலானது 1990களின் பிற்பகுதியில்தான் என்பதால், அதற்கு முன் செய்யப்பட்ட பிளேயர்களும், பின்னால் வந்த மலிவான பிளேயர்கள் சிலவும், அத்தகைய சி.டி.யில் பாட்டு இருப்பதையே அறியமாட்டா.

பாடல்களைப் பிரித்து ஆடியோ சி.டி.களாகப் பதியுங்கள். விண்டோஸ் மீடியா பிளேயரில் 'பர்ன்' பகுதிக்குச் சென்றால் ஆடியோ சி.டி., டேட்டா சி.டி. என இரண்டு தெரிவுகள் இருக்கும். முதலாவதைத் தேர்ந்தெடுத்துவிட்டால், எம்பி3 கோப்புகளை அந்த மென்பொருளே விரித்துப் பதிந்துகொள்ளும். லினக்ஸ் வைத்திருப்பவர்களுக்கு 'கே3பி' இதே வேலையைச் செய்யும். ஒரு சி.டி.யில் 80 நிமிடமே கொள்ளும். ஐந்து நிமிடப் பாடல்கள் என்றால் 16 தான்.

இங்கே பலரையும் குழப்புவது சி.டி.யின் மேல் அச்சிட்டிருக்கும் 700 மெகாபைட் என்ற எண். முந்நூறு மெகாபைட் எம்பி3 பாடல்களைச் சேர்த்துவிட்டு, இடம் போதாது என்று கணினி சொல்கிறதே என வியப்பவர்கள் உண்டு. சுருக்கப்படாத ஒலியான வேவ் கோப்புகள் 750 மெகாபைட் இருப்பதைக் கண்டு, இது அடங்காது என்று முயலாமலே விட்டவர்களும் உண்டு. உண்மையில் ஆடியோ சி.டி.யில் அந்த முந்நூறு அடங்காது, இந்த 750 அடங்கும். சுருக்கப்படாத ஒலிக்கு நிமிடத்துக்கு ஏறத்தாழ 10 மெகாபைட் பிடிக்கும். டேட்டா சி.டி.யில் 2,352 பைட் கொண்ட ஒவ்வொரு பகுதியிலும் 2,048 பைட் மட்டுமே நம் பயன்பாட்டுக்கு. மீதி பெரும்பாலும் பிழை திருத்தத்துக்குப் போய்விடும். ஆடியோ சி.டி.யில் அந்த 2,352 பைட்டும் ஒலிக்கே. ஆகவே மெகாபைட்டைப் பார்க்காமல் நிமிடத்தைக் கூட்டிப் பாருங்கள்.

இன்னும் இரண்டு எச்சரிக்கைகள். பதிந்து முடித்ததும் சி.டி.யை மூடும் 'ஃபைனலைஸ்' வேலை நடந்தாக வேண்டும், மூடப்படாத சி.டி. கணினியில் திறந்தாலும் பிளேயரில் திறக்காது. அடுத்து, அழித்து எழுதும் சி.டி.-ஆர்.டபிள்யூ. தட்டை வாங்காதீர்கள். அது லேசர் ஒளியை மிகக் குறைவாகவே திருப்பி அனுப்புவதால் பழைய பிளேயர்கள் பலவற்றுக்கு அது கண்ணுக்கே தெரியாது. ஒருமுறை மட்டுமே எழுதும் சி.டி.-ஆர். போதும், விலையும் குறைவு.

கேள்வி: என் தாத்தா கரைவலை இழுத்த காலத்தில் பாடிய அம்பாப் பாட்டுகளைச் சித்தப்பா கேசட்டில் பதிந்து வைத்திருக்கிறார். ஒன்று 60 நிமிடக் கேசட், மற்றது 90 நிமிடக் கேசட். சி.டி.யாக மாற்றித் தருகிறோம், கேசட்டைக் கொடுத்துவிட்டுப் போங்கள் என்று கடையில் சொல்கிறார்கள். கொடுக்க மனம் வரவில்லை. வீட்டிலேயே செய்ய முடியுமா?
– வாசகர், மண்டபம்

பதில்: முடியும். வேறு பிரதி இல்லாத கேசட்டைக் கைவிட்டு அனுப்பாமல் இருப்பதே நல்லது.

கணினியைத் தொடும் முன் கேசட்டைப் பாருங்கள். நாடாவுக்குப் பின்னால், செம்புத் தகட்டின் மேல், சிறு கம்பளித் துண்டு ஒன்று ஒட்டப்பட்டிருக்கும். நாடாவை, ஒலியைப் படிக்கும் ஹெட்டோடு அழுத்திப் பிடிப்பது அதுதான். நெடுநாள் கிடந்த கேசட்டுகளில் பசை காய்ந்து அது உதிர்ந்திருக்கும், ஒலியும் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் மங்கிவிடும். உதிர்ந்திருந்தால் வேறொரு பழைய கேசட்டின் கூட்டுக்குள் நாடாவை மாற்றிக்கொள்ளலாம். திருகாணி போட்ட கூடாக இருந்தால் வேலை சுலபம். ஒட்டப்பட்ட கூட்டைப் பக்குவமாகத்தான் பிளக்க வேண்டும். 90 நிமிடக் கேசட்டின் நாடா மெல்லியது என்பதால், அதை ஒருமுறை முழுவதும் முன்னே ஓட்டி, பிறகு பின்னே சுற்றிவிட்டுப் பாடவிடுங்கள். ஒட்டிக் கிடக்கும் சுற்றுகள் தளரும். டேப் ரிக்கார்டரின் ஹெட்டை ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் நனைத்த பஞ்சுக் குச்சியால் துடையுங்கள். பஞ்சில் பழுப்பு நிறத் தூள் வந்துகொண்டே இருக்கும். அது நிற்கும்வரை துடைத்தால்தான் துடைத்ததாகப் பொருள்.

இரு முனையும் 3.5 மில்லிமீட்டர் முள் கொண்ட ஸ்டீரியோ கம்பி ஒன்று வேண்டும். மேசைக் கணினியின் பின்புறத்தில் நீலநிறத் துளை இருந்தால், டேப் ரிக்கார்டரின் 'லைன் அவுட்' அல்லது ஹெட்போன் துளையிலிருந்து அதற்குள் கொடுங்கள். இளஞ்சிவப்புத் துளை மைக்குக்கு உரியது. மைக்கின் மெல்லிய மின்னோட்டத்துக்காக அமைந்ததால், ஹெட்போனிலிருந்து வரும் வலுவான ஒலி அதில் கரகரத்துப்போகும். மடிக்கணினியில் பெரும்பாலும் நீலத் துளை இருக்காது. 'லைன் இன்' உள்ள யு.எஸ்.பி. ஒலி அடாப்டர் ஒன்றை வாங்கிக்கொள்ளுங்கள்.

பதிவதற்கு 'ஆடாசிட்டி' என்ற இலவச மென்பொருள் போதுமானது. 44,100 ஹெர்ட்ஸ், ஸ்டீரியோ என்று அமைத்துக்கொண்டு, பாட்டில் குரல் மிக உயரும் இடத்தை முதலில் ஓடவிட்டுப் பாருங்கள். அளவுமானி அந்த இடத்தில் கழித்தல் 6 டெசிபெல்லைத் தாண்டக் கூடாது. அம்பாவில் ஒருவர் அடி எடுத்துக் கொடுக்க, வலை இழுப்பவர்கள் அனைவரும் சேர்ந்து வாங்கிப் பாடுவார்கள் அல்லவா, அந்த இடத்தைச் சோதித்தால் போதும். தனிக்குரலுக்கு அளவு வைத்துவிட்டால் கூட்டுக்குரல் உடைந்துவிடும். உடைந்த ஒலியைப் பிறகு எந்த மென்பொருளாலும் ஒட்ட முடியாது.

அடுத்ததாக இரைச்சல் நீக்கும் வசதி. அதைக் கண்டதும் எல்லோருக்கும் கை துறுதுறுக்கும். கேசட்டின் 'உஸ்' ஒலியை மாதிரியாகக் காட்டினால், அதுபோன்ற ஒலியையெல்லாம் மென்பொருள் குறைத்துவிடும். ஆனால் கரையில் பதிந்த பாட்டில் அலை வந்து உடைந்து திரும்பும் ஓசையும் ஏறத்தாழ அதே வகையானது. கேசட்டின் இரைச்சலோடு கடலும் போய்விட்டால், தாத்தா ஏதோ ஓர் அறைக்குள் உட்கார்ந்து பாடியதுபோல் ஆகிவிடும். அம்மாதிரிப் பதிவில் இரைச்சலை அறவே நீக்காமல் விடுவதையே நான் விரும்புவேன். நீக்கித்தான் ஆக வேண்டும் என்றால், கை வைக்காத முழுப் பதிவு ஒன்றை வேவ் கோப்பாகத் தனியே எடுத்துவைத்துவிட்டுச் செய்யுங்கள்.

60 நிமிடக் கேசட் ஒரு சி.டி.யில் அடங்கும். 90 நிமிடக் கேசட் அடங்காது. பக்கத்துக்கு ஒன்றாக இரண்டு சி.டி. போடுங்கள், பாட்டை நடுவில் வெட்டுவதைவிட அது மேல். ஒவ்வொரு பாட்டும் தொடங்கும் இடத்தில் ஆடாசிட்டியில் குறியிட்டு, தனித்தனிக் கோப்பாக 16 பிட் வேவ் வடிவில் வெளியே எடுத்தால், பிளேயரில் பாட்டுக்குப் பாட்டு தாவலாம். விண்டோஸ் மீடியா பிளேயர் இரண்டு பாட்டுகளுக்கு இடையே வழக்கமாக இரண்டு விநாடி மௌனத்தைச் செருகும். அலையோசை தொடர்ந்து ஓடும் பதிவில் அந்த மௌனம் காதை உறுத்தும் என்பதால், இடைவெளியின்றிப் பதியும் தெரிவை மறவாமல் இட்டுக்கொள்ளுங்கள்.

சி.டி. என்பது வீட்டார் கேட்பதற்கான பிரதி. அந்த வேவ் கோப்புகளை வெளி ஹார்ட் டிஸ்கில் ஒன்றும், வெளியூர் உறவினர் வீட்டில் ஒன்றுமாக வைத்திருங்கள். சித்தப்பாவின் கேசட்டுகளையும் எறிந்துவிடாதீர்கள்.

கேள்வி: சி.டி. உறையில் 52 எக்ஸ் என்று போட்டிருக்கிறது. எந்த வேகத்தில் பதிந்தால் நல்லது?
– வாசகர், கீழக்கரை

பதில்: 16 அல்லது 24. ஒரு எக்ஸ் என்பது பாட்டு ஓடும் வேகமே, அதாவது 80 நிமிட சி.டி.க்கு 80 நிமிடம். 16இல் ஐந்து நிமிடமும் மூடுவதற்குச் சிறிது நேரமும் ஆகும். 52 என்பது தட்டின் வெளி ஓரத்தை நெருங்கும்போது மட்டுமே எட்டும் வேகம் என்பதால், மிச்சமாகும் நேரம் நாம் நினைப்பதைவிடக் குறைவு. அவ்வேகத்தில் பிழைகள் கூடினால், கணினி சமாளித்துக்கொள்ளும், பழைய பிளேயர் சமாளிக்காது. அதற்காக ஒன்றிலும் இரண்டிலும் பதிந்தால் இன்னும் நன்றாக வரும் என்று எண்ண வேண்டாம். லேசர் எழுதுவது தட்டிலுள்ள சாயப்பூச்சில்தான்; இப்போதைய தட்டுகளில் அது வேகப் பதிவுக்கென்றே செய்யப்பட்டது.

கேள்வி: பாதி பதிந்துகொண்டிருக்கும்போது மின்சாரம் போய்விட்டது. அந்த சி.டி.யை மீட்க வழி உண்டா?
– வாசகர், பாம்பன்

பதில்: இல்லை. தட்டின் அடிப்புறத்தை வெளிச்சத்தில் சாய்த்துப் பாருங்கள். நடுவிலிருந்து கிளம்பிய சற்றே இருண்ட வளையம் ஓரிடத்தில் நின்றிருக்கும். அதுவரை சாயம் மாறிவிட்டது, சி.டி.-ஆரில் மாறியது மாறியதுதான். கணினி சற்றுத் தாமதித்தால் காத்திருந்து தொடரும் ஏற்பாடு 2000க்குப் பின் வந்த ரைட்டர்களில் (சி.டி. பதியும் டிரைவ்களில்) உண்டு என்றாலும், மின்சாரம் நின்றால் அதுவும் உதவாது. யு.பி.எஸ். இல்லாவிட்டால், பேட்டரி நிறைந்த மடிக்கணினியில் பதியுங்கள்.

கேள்வி: பத்தாண்டுகளுக்கு முன் பதிந்த கல்யாணப் பாட்டு சி.டி.கள் இப்போது விக்குகின்றன. எங்கள் வீடு கடலைப் பார்த்தது. உப்புக்காற்றுதான் காரணமா?
– வாசகி, தொண்டி

பதில்: இருக்கலாம், ஆனால் முதலில் பிளேயரைச் சந்தேகியுங்கள். கடற்காற்று அடிக்கும் வீடுகளில் பிளேயரின் லென்ஸில் ஈரமும் உப்பும் தூசியும் சேர்ந்து மெல்லிய படலம் கட்டும். அதே சி.டி. வேறொரு பிளேயரில் ஒழுங்காகப் பாடினால் குற்றம் லென்ஸில்தான்.

சி.டி.யே கெட்டிருந்தால் பார்க்க வேண்டியது மேற்புறத்தை. பளபளக்கும் அடிப்புறத்தில் கீறல் விழாமல் காப்பதிலேயே நாம் எல்லோரும் குறியாக இருக்கிறோம், அங்கே 1.2 மில்லிமீட்டர் பருமனுள்ள பாலிகார்பனேட் காவலிருக்கிறது. பெயர் எழுதும் மேற்புறத்திலோ, வெள்ளிப் படலத்துக்கும் வெளிக்காற்றுக்கும் நடுவே இருப்பது மெல்லிய வார்னிஷ் பூச்சு மட்டும். பந்துமுனைப் பேனாவால் அழுத்தி எழுதினால் அது கிழியும். கிழிந்த வழியாகவும், ஓரங்களின் வழியாகவும் ஈரமும் உப்பும் இறங்கினால் வெள்ளி கறுக்கும். விளக்குக்கு நேரே பிடித்துப் பார்த்தால் ஊசித்துளைகளாக வெளிச்சம் தெரியும். அந்த இடத்துப் பாட்டு போனதுதான்.

துளை விழாத சி.டி.களைக் கணினியின் டி.வி.டி. டிரைவில் இட்டு, 'எக்ஸாக்ட் ஆடியோ காப்பி' என்ற மென்பொருளால் வேவ் கோப்பாக எடுத்துப் பாருங்கள். பிளேயர் ஒருமுறை படித்துவிட்டுக் கடந்துபோகும் இடத்தை அது திரும்பத் திரும்பப் படித்துச் சரிபார்க்கும் என்பதால், விக்கும் பாட்டுகள் பல முழுதாகக் கிடைக்கும். புதிதாகப் பதிந்தவற்றைக் கடல் பக்கத்து சன்னலருகே வைக்காமல், மூடியுள்ள டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு உள்ளறை பீரோவில் வையுங்கள். வெயில் படவே கூடாது, சாயம் வெளிறிவிடும். துடைப்பதானால் நடுவிலிருந்து ஓரத்தை நோக்கி நேராகத் துடையுங்கள், வட்டமாக வேண்டாம்.

கேள்வி: இலங்கை வானொலியிலிருந்து கேசட்டில் பிடித்த பாட்டுகளை 64 கேபிபிஎஸ் (விநாடிக்கு 64 கிலோபிட்) எம்பி3யாக மாற்றி வைத்திருக்கிறேன். ஆடியோ சி.டி.யாகப் பதிந்தால் தரம் உயருமா?
– வாசகர், ராமேஸ்வரம்

பதில்: உயராது. நிமிடத்துக்கு அரை மெகாபைட்டாக இருப்பது 10 மெகாபைட்டாக விரியும், அவ்வளவே. கேசட் இன்னும் கையில் இருந்தால், மண்டபம் வாசகருக்குச் சொன்ன முறையில் மறுபடி வேவ் ஆகவே பதியுங்கள். மத்திய அலையில் வந்த ஒலியில் கீச்சொலிப் பகுதி பெருமளவு கழிந்தே வந்திருக்கும் என்பதால் கடைச் சி.டி.யோடு ஒப்பிட்டு வருந்த வேண்டாம். பாட்டுக்கு முன் வரும் அறிவிப்பாளர் குரலை வெட்டிவிடாதீர்கள். பாட்டு வேறெங்கும் கிடைக்கும், அந்தக் குரல் கிடைக்காது.

கேள்வி: விலைக்கு வாங்கிய சி.டி.யைப் பிரதியெடுத்துக் கந்தூரிக் கடையில் விற்கலாமா? மேலும், என் மடிக்கணினியில் சி.டி. டிரைவ் இல்லை, வெளியே மாட்டும் ரைட்டர் பாதியில் துண்டித்துக்கொள்கிறது.
– வாசகர், ஏர்வாடி

பதில்: விற்கக் கூடாது. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு சொந்தப் பயன்பாட்டுக்கு நியாயமான அளவில் இடம் தருகிறது. விற்பனைக்கு அது பொருந்தாது.

ரைட்டர் துண்டிப்பதற்குப் பெரும்பாலும் மின்சாரம் போதாமையே காரணம். எழுதும் நேரத்தில் லேசருக்கும் மோட்டாருக்கும் கூடுதல் மின்னோட்டம் வேண்டும், ஒற்றை யு.எஸ்.பி. 2 துளையால் அதைத் தர இயலாமல் போகும். நீலநிற யு.எஸ்.பி. 3 துளை இருந்தால் அதில் மாட்டுங்கள். இல்லையென்றால் இரட்டை முனைக் கம்பி வாங்கி இரண்டு துளைகளிலும் செருகுங்கள். தனி மின்னிணைப்பு இல்லாத யு.எஸ்.பி. ஹப் வழியாக மட்டும் மாட்டாதீர்கள். இவ்வளவுக்குப் பிறகும் துண்டித்தால், ரைட்டரைப் பழுது பார்க்கக் கொடுக்கும் முன் கம்பியை மாற்றிப் பாருங்கள்.