டிஎல்எல் கோப்பைக் காசு கொடுத்து வாங்கலாமா?

கேள்வி: ஐயா, ப்ளஸ் டூ முடித்த என் மகன் பழைய கார் பந்தய விளையாட்டு ஒன்றைக் கணினியில் ஏற்றினான். திறந்ததும் 'டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் காணவில்லை' என்று வந்தது. அந்தப் பெயரைத் தேடியபோது ஓர் இணையதளம் கிடைத்திருக்கிறது. கோப்பைக் கொடுத்து, எல்லாவற்றையும் சரிசெய்யும் மென்பொருள் என்று 1,499 ரூபாய் கேட்டிருக்கிறார்கள். என் கார்டில் கட்டிவிட்டான். விளையாட்டு இன்னும் திறக்கவில்லை. இப்போது 'சி000007பி' என்று முடியும் வேறொரு பிழை எண் வருகிறது. பணம் திரும்பக் கிடைக்குமா? என்னதான் செய்வது? (தென்காசி வாசகர்)

பதில்: பணத்தை முதலில் பார்ப்போம். இப்படி விற்கப்படும் மென்பொருள்கள் பெரும்பாலும் வருடச் சந்தா. அடுத்த வருடம் தானாகவே பணம் எடுக்க உங்கள் கார்டில் அனுமதி பதிவாகியிருக்கலாம். வங்கியின் செயலியில் தானியங்கிப் பணம் செலுத்தும் பட்டியலைத் திறந்து அதை ரத்து செய்யுங்கள். ரிசர்வ் வங்கி விதிப்படி, இப்படிப் பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரத்துக்கு முன்பே உங்களுக்குத் தகவல் வர வேண்டும். அந்தக் குறுஞ்செய்தியை அலட்சியப்படுத்தாதீர்கள். பிறகு விற்றவர்களுக்கு மின்னஞ்சலில் பணத்தைத் திருப்பிக் கேளுங்கள். 'திருப்தி இல்லையென்றால் பணம் வாபஸ்' என்று அவர்கள் பக்கத்தில் எழுதியிருந்தால் அதைப் படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள். பதில் வராவிட்டால் அந்தப் படத்துடன் வங்கியில் கார்டு பரிவர்த்தனை மீது ஆட்சேபம் பதியலாம், தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-லும் புகார் சொல்லலாம். ஓடிபி கொடுத்தது உங்கள் வீட்டிலிருந்துதான் என்பதால் வங்கி தயங்கக்கூடும், அதற்காகக் கேட்காமல் இருக்க வேண்டாம். சொல்லாத தொகை ஏதாவது எடுக்கப்பட்டிருந்தால் அது மோசடி. அன்றைக்கே இணையக் குற்ற உதவி எண் 1930-ஐ அழையுங்கள்.

இனி கோப்புக்கு வருவோம். எங்கள் ஊர்ப்பக்கம் கோயிலில் ஊர்ப் பொதுப் பாத்திரம் என்று இருக்கும். அண்டா, குண்டா, கரண்டி எல்லாம். கல்யாணம் வைத்தவர் எடுத்துச் சமைப்பார், அடுத்த வீட்டு விசேஷத்துக்கும் அதே அண்டாதான். வீட்டுக்கு வீடு தனி அண்டா வாங்குவதில்லை. டிஎல்எல் கோப்பும் அப்படித்தான். பல மென்பொருள்களுக்குப் பொதுவாகத் தேவைப்படும் நிரல் பகுதியை ஒரே இடத்தில் வைத்து, வேண்டியவர் அழைத்துக்கொள்ளும் ஏற்பாடு. 'காணவில்லை' என்ற செய்தி வந்தால், அந்த அண்டா யாருடையது என்றுதான் முதலில் பார்க்க வேண்டும்.

டி3டி11, டிஎக்ஸ்ஜிஐ போன்றவை விண்டோஸின் சொந்தக் கோப்புகள். அவை கெட்டால் விண்டோஸே சரிசெய்துகொள்ளும். நிர்வாகி உரிமையுடன் கமாண்ட் ப்ராம்ப்ட் திறந்து, எஸ்எஃப்சி என்ற மூன்றெழுத்து, ஓர் இடைவெளி, ஒரு சாய்கோடு, அதை ஒட்டி ஸ்கேன்நவ் என்று அடித்தால் போதும். டிரைவர் என்பது கிராஃபிக்ஸ் கார்டு போன்ற வன்பொருளை விண்டோஸோடு பேசவைக்கும் மென்பொருள். 'என்வி' என்று தொடங்கும் பெயர்கள் பெரும்பாலும் என்விடியா டிரைவருடையவை, 'ஏடிஐ', 'ஏஎம்டி' என்று தொடங்குபவை ஏஎம்டி டிரைவருடையவை. அவற்றில் ஒன்று காணாமல் போனால் டிரைவர் முழுவதையும் நிறுவனத்தின் தளத்திலிருந்து மறுபடி நிறுவ வேண்டும். ஒரு டிரைவரின் கோப்புகள் எல்லாம் ஒரே பதிப்பில் சேர்ந்து வருபவை. வேறு பதிப்பிலிருந்து ஒன்றை மட்டும் ஒட்டவைத்தால் திரை கறுப்பாவதும் நீலத் திரை வருவதும்தான் மிச்சம்.

உங்கள் மகன் தேடிய கோப்பு இந்த இரண்டிலும் சேராது. டைரக்ட்எக்ஸ் என்பது விளையாட்டுகள் படம் காட்டவும் ஒலி எழுப்பவும் விண்டோஸ் தரும் வசதி. இது அதன் 9-ஆம் பதிப்புக் காலத்து விளையாட்டுகளுக்கான துணை நூலகம். 24 என்ற எண்ணில் 2005-இல் தொடங்கி, 43 என்ற எண்ணுடன் 2010-இல் நின்றுபோன வரிசையில் கடைசிக் கோப்பு. விண்டோஸ் 10, 11-இல் டைரக்ட்எக்ஸ் 12 இருந்தாலும் இந்தப் பழைய துணைக் கோப்புகள் அதில் சேர்ந்து வருவதில்லை. அந்தந்த விளையாட்டே கூட்டிவர வேண்டும். வராதபோது மைக்ரோசாஃப்ட் தளத்தில் 'டைரக்ட்எக்ஸ் எண்ட் யூசர் ரன்டைம்ஸ், ஜூன் 2010' என்ற தொகுப்பு இருக்கிறது. இலவசம். விரித்து, அதிலுள்ள 'டிஎக்ஸ்செட்அப்' கோப்பை இயக்கினால் தேவையானவை எல்லாம் உரிய இடத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும். இருக்கிற டைரக்ட்எக்ஸ் 12-ஐ அது தொடாது. உங்களிடம் 1,499 ரூபாய் வாங்கியது இதற்காகத்தான் என்று நினைக்கும்போது எனக்கு வயிறு எரிகிறது.

புதிய பிழை எண் ஏன் வந்தது? 64 பிட் விண்டோஸில் 'சிஸ்டம்32' என்ற அடைவில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 'சிஸ்வாவ்64' என்பதில் இருப்பவை 32 பிட் கோப்புகள். பெயரைப் பார்த்தால் நேர்மாறாகத் தோன்றும், தெரிந்தவர்களே தடுமாறுவார்கள். பழைய விளையாட்டு 32 பிட்டாக இருக்கும். அதன் பக்கத்தில் 64 பிட் கோப்பை ஒட்டினால் இந்த எண்தான் வரும். ஒட்டிய கோப்பை நீக்குங்கள், அந்த மென்பொருளையும் கழற்றுங்கள். பிறகு விண்டோஸ் செக்யூரிட்டியில் முழு ஸ்கேன் ஓடவிடுங்கள். டிஎல்எல் என்பது படமோ பாட்டோ இல்லை, ஓடுகிற நிரல். யார் கொடுத்தது என்று தெரியாத நிரலைக் கணினியின் நடுவீட்டில் உட்காரவைத்திருக்கிறோம். மகனைத் திட்ட வேண்டாம், தேடினால் முதலில் வந்து நிற்பவை பெரும்பாலும் இத்தகைய தளங்கள்தான்.

கேள்வி: கல்லூரியில் விளையாட்டு உருவாக்கம் பயில்கிறேன். கோடாட் 4 என்ற விளையாட்டு உருவாக்கும் மென்பொருளை நிறுவினேன். என் லேப்டாப் 2014-இல் அண்ணன் வாங்கியது, இன்டெல் 4-ஆம் தலைமுறை, தனி கிராஃபிக்ஸ் கார்டு இல்லை. கிராஃபிக்ஸ் வரைய அது கேட்கும் வல்கன் என்ற வசதிக்கான டிரைவர் இல்லை என்கிறது. தோழி சொல்லி 'வல்கன்-1.டிஎல்எல்' கோப்பைப் போட்டும் பார்த்தேன், மாற்றமே இல்லை. புது லேப்டாப் வாங்கித்தான் ஆக வேண்டுமா? வீட்டில் கேட்கத் தயக்கமாக இருக்கிறது. (திருச்சி மாணவி)

பதில்: வாங்க வேண்டாம் அம்மா, இப்போதைக்கு. அந்தக் கோப்பு வாசலில் நிற்கும் ஆள் மாதிரி. 'வல்கன் வேண்டும்' என்று மென்பொருள் கேட்டால் உள்ளே இருக்கும் டிரைவரைக் கூப்பிட்டுவிடும், அவ்வளவுதான் அதன் வேலை. உள்ளே ஆளே இல்லையென்றால் வாசலில் யார் நின்று என்ன பயன்? விண்டோஸில் இன்டெல் 6-ஆம் தலைமுறையிலிருந்துதான் வல்கன் டிரைவர் தந்தது. உங்களுடையதற்கு அது வரவே இல்லை.

ஆனால் கோடாட் 4-இலேயே வழி இருக்கிறது. புதிய ப்ராஜெக்ட் தொடங்கும் இடத்தில் 'காம்பாட்டிபிலிட்டி' என்ற ரெண்டரரை, அதாவது காட்சியை வரையும் முறையை, தேர்ந்தெடுங்கள். அது வல்கனுக்குப் பதிலாக ஓப்பன்ஜிஎல் 3.3 என்ற பழைய கிராஃபிக்ஸ் வசதியில் ஓடும், உங்கள் லேப்டாப்பின் கிராஃபிக்ஸுக்கு அது போதும். இருபரிமாண விளையாட்டுகளும் எளிய முப்பரிமாணக் காட்சிகளும் தாராளமாகச் செய்யலாம். படிப்பு முடிந்து வேலைக்கென்று வாங்கும்போது பார்த்துக்கொள்ளலாம்.

கேள்வி: செகண்ட் ஹேண்டில் ஜிடிஎக்ஸ் 1050 டிஐ, 4 ஜிபி கார்டு ஒன்றை மலிவாக வாங்கினேன். என்விடியா தளத்திலிருந்து டிரைவர் இறக்கினால் 'பொருத்தமான கிராஃபிக்ஸ் வன்பொருள் இல்லை' என்கிறது. விற்றவர் பென் டிரைவில் ஒரு டிரைவர் கொடுத்து, 'இதை மட்டும் போடுங்கள், அப்டேட் செய்யாதீர்கள்' என்றார். அதைப் போட்டால் வேலை செய்கிறது, ஆனால் விளையாடும்போது கணினி நின்றுவிடுகிறது. டிரைவர் கோப்பில் கோளாறா? (சேலம் வாசகர்)

பதில்: கோளாறு கார்டிலேயே இருக்கும் என்றுதான் நினைக்கிறேன். 'அப்டேட் செய்யாதீர்கள்' என்று விற்பவர் சொன்னாலே கையை எடுத்துவிட வேண்டும்.

நடப்பது இதுதான். 2010, 2011 காலத்து ஜிடிஎஸ் 450, ஜிடிஎக்ஸ் 550 டிஐ போன்ற கார்டுகளின் பயாஸை (கார்டுக்குள்ளேயே பதிந்திருக்கும் அடிப்படை நிரலை) மாற்றி எழுதி, புதிய பெயரை ஒட்டி விற்கிறார்கள். கணினியும் அந்தப் பெயரையே காட்டும். ஆனால் சிப் பழையது. நிறுவனத்தின் டிரைவர் பெயரை நம்பாது, சிப்பின் அடையாள எண்ணைப் பார்க்கும், அதனால் மறுத்துவிடும். அதை ஏமாற்றத்தான் திருத்திய டிரைவரைப் பென் டிரைவில் தருகிறார்கள். திருத்திய டிரைவருக்கு முறையான டிஜிட்டல் கையொப்பம் இருக்காது. அதை ஏற்றுவதற்காக விண்டோஸின் பாதுகாப்பைத் தளர்த்தச் சொல்லியிருந்தால் உடனே பழையபடி மாற்றுங்கள்.

ஜிபியூ-இசட் என்ற இலவச மென்பொருளைத் திறந்து பாருங்கள். 2018 முதல் இப்படி மாற்றிய கார்டுகளைக் கண்டுபிடித்து, பெயருக்கு முன்னால் 'ஃபேக்' என்று எழுதிக் காட்டுகிறது. உண்மையான 1050 டிஐ என்றால் சிப் பெயர் ஜிபி107, ஷேடர்கள் (சிப்பிலுள்ள சிறு கணக்கிடும் அலகுகள்) 768. உங்களுடையதில் 192 என்று இருந்தால் சந்தேகமே வேண்டாம். கார்டின் பின்புறத்தையும் பாருங்கள். நீலநிற விஜிஏ துளை இருக்கிறதா? 1050 டிஐ-யின் சிப் குடும்பத்தில் அந்தப் பழைய அனலாக் வெளியீடு கிடையாது. இருந்தால் போலியாக இருக்கவே வாய்ப்பு அதிகம்.

பில்லோடு கடையில் வாங்கியிருந்தால் உங்கள் பக்கம் பலமாக இருக்கிறது. வேறொரு பொருளை இன்ன மாடல் என்று சொல்லி விற்பது 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி முறையற்ற வணிகம். 1915-இல் புகார், அதில் தீராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். விலை 5 லட்சத்துக்குள் என்பதால் கட்டணம் இல்லை, நீங்கள் வசிக்கும் மாவட்டத்திலேயே மனு கொடுக்கலாம், காலக்கெடு இரண்டு ஆண்டுகள். ஜிபியூ-இசட் காட்டும் திரையின் ஸ்கிரீன்ஷாட், விற்றவருடன் நடந்த வாட்ஸ்அப் உரையாடல், அந்தப் பென் டிரைவ் எல்லாம் சான்று. எதையும் அழித்துவிடாதீர்கள். தனி மனிதர் ஒருவரிடம் விளம்பரம் பார்த்து வாங்கியிருந்தால் நுகர்வோர் ஆணையம் உதவுவது கடினம், ஏமாற்று என்று காவல் துறையில்தான் புகார் தர வேண்டியிருக்கும்.

பணம் திரும்பி வந்தால் மறுபடி அதே மாடலைத் தேடாதீர்கள் என்று சொல்வேன். உண்மையான 1050 டிஐ-க்கே, அதன் தலைமுறைக்கான வழக்கமான டிரைவர்களை என்விடியா 2025 அக்டோபரோடு நிறுத்திக்கொண்டது. பாதுகாப்புத் திருத்தங்கள் மட்டும் 2028 அக்டோபர் வரை வரும். கிராஃபிக்ஸ் கார்டுக்குக் கொடுக்கும் பணத்தில் பாதி, இனி வரப்போகும் டிரைவர்களுக்குக் கொடுக்கும் பணம் என்று கணக்கு வையுங்கள். பழைய கார்டு வாங்கப் போகும்போது விலையோடு இதையும் பார்த்துவிட்டுப் பேரம் பேசுங்கள்.

கேள்வி: லேப்டாப்பில் விண்டோஸை மாற்றிப் போட்ட பிறகு எழுத்துகள் பெரிதாகவும் மங்கலாகவும் தெரிகின்றன, வெளிச்சத்தையும் குறைக்க முடியவில்லை. கடையில் 'டிஸ்ப்ளே டிரைவர்' என்று தனியாக 800 ரூபாய் கேட்கிறார்கள். நியாயமா? (தஞ்சாவூர் வாசகி)

பதில்: உழைப்புக்குக் கூலி கேட்டால் கொடுக்கலாம். டிரைவருக்கு விலை கேட்டால் கொடுக்க வேண்டியதில்லை, அது நீங்கள் லேப்டாப் வாங்கியபோதே விலையில் சேர்ந்துவிட்டது. டிவைஸ் மேனேஜரில் 'மைக்ரோசாஃப்ட் பேசிக் டிஸ்ப்ளே அடாப்டர்' என்று இருந்தால், தற்காலிக டிரைவரில் ஓடுகிறது என்று பொருள். இணையத்தை இணைத்து விண்டோஸ் அப்டேட்டை ஓடவிடுங்கள், பல லேப்டாப்களில் அதிலேயே சரியாகிவிடும். ஆகாவிட்டால் லேப்டாப்பின் அடியில் ஒட்டியிருக்கும் சீரியல் எண்ணை அதன் நிறுவனத் தளத்தில் கொடுத்தால் உங்கள் மாடலுக்குரிய டிரைவர் வரும். டிரைவர்களைத் தேடித் தருவதாகச் சொல்லும் கட்டண மென்பொருள் எதையும் வாங்காதீர்கள். அந்தச் சீரியல் எண்ணைப் பார்த்து, ஒரு காகிதத்தில் எழுதி, வாரண்டி அட்டையோடு வைத்துவிடுங்கள். ஸ்டிக்கர் தேய்ந்துபோகும்.