ஆபரேட்டர் பதில்கள்

வாசகி, வலங்கைமான்: நூறு வருஷத்துக்கு முந்தைய வெளிதேசத்துப் படங்களை யூடியூபில் பார்க்கிறேன். அந்த ஊர் ஜனங்கள் நிஜமாகவே அப்படித்தான் வாழ்ந்தார்களா? எல்லோரும் ஏன் ஓட்டமாய் ஓடுகிறார்கள்?

சினிமா கொட்டகையில் படம் ஓட்டியவன் நான். ஓட்டம் என் தொழில், அதை முதலில் முடித்துவிடுகிறேன். அன்றைய கேமராவைக் கையால் சுற்றினார்கள். விநாடிக்கு ஏறக்குறைய 16 கட்டம், அதாவது 16 தனித்தனிப் படம். பேசும்படம் வந்ததும் 24 என்று ஆகிவிட்டது. பதினாறை இருபத்துநாலில் விட்டால் சாவு ஊர்வலம்கூட ஓட்டப்பந்தயம்தான்.

சினிமாவின் முன்னோடிகளான பிரான்ஸ் நாட்டு லூமியேர் சகோதரர்கள் 1896-லேயே தேசம் தேசமாக ஆள் அனுப்பினார்கள். படம் பிடிக்க, பிரதி எடுக்க, திரையில் காட்ட, எல்லாவற்றுக்கும் ஒரே பெட்டி. ஒரு சுருள் 17 மீட்டர், 50 விநாடியில் தீர்ந்துவிடும். நம் பக்கத்தில் திருச்சி ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட், 1905-ல் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் புரொஜக்டரும் சுருள்களும் வாங்கி, ஊர் ஊராகக் கூடாரம் அடித்தார். எங்கள் டூரிங் கொட்டகைக்கெல்லாம் அவர்தான் பாட்டனார்.

நிஜமா என்றால், பாதி. ஃபிளாஹர்ட்டி எடுத்து 1922-ல் வெளிவந்த 'நானூக்' ஆவணப்படத்தில் பனிவீட்டுக்குள் வெளிச்சம் போதவில்லை. ஒரு பக்கத்தைத் திறந்துவிட்டுத்தான் எடுத்தார். துப்பாக்கி பழகியிருந்த, பனிப்பிரதேசத்து இன்யூட் இன மனிதரை ஈட்டியால் வேட்டையாடவும் வைத்தார்.

அது எனக்கு ஆச்சரியமில்லை. எழுபதுகளில் நீடாமங்கலம் பக்கம் எங்கள் வயலில் நடவைப் படமெடுக்க ஒரு கூட்டம் வந்தது. தூறலுக்குக் கொங்காணியாகப் போட்டிருந்த யூரியா சாக்கை எடுக்கச் சொன்னார்கள். குலவையை மூன்று தடவை போடச் சொன்னார்கள். வெளிச்சம் அந்தப் பக்கம்தான் என்று, காலையில் நட்டு முடித்த வயலிலேயே பெண்களை மறுபடி இறக்கினார்கள்.

பிறகு அந்தப் படம் நான் ஓட்டிய கொட்டகைக்கே வந்தது. நடவெல்லாம் நாடகம். ஆனால் ஓரத்தில், வரப்பில், துண்டை உதறி உதறி ஒருவர் கத்துகிறார். சத்தம் வராது. நாற்று மிதிபட்ட ஆத்திரத்தில் எங்கள் அப்பா! எத்தனை தடவை ஓட்டினாலும் அவர் திட்டி முடிப்பதற்குள் காட்சி வெட்டிவிடும். நீங்களும் நடுவில் பார்க்காதீர்கள், ஓரத்தைப் பாருங்கள்.

வாசகர், மன்னார்குடி: பரணில் பழைய ரீல் டப்பா கிடைத்தது. ஓட்டிப் பார்க்கலாமா?

கூடாது. புளிக்காடி வாடை அடித்தால் அது அசிடேட் வகைச் சுருள், மக்கத் தொடங்கிவிட்டது. மிகப் பழசென்றால் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் வகையாக இருக்கலாம். பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும். அடுப்படியிலிருந்து தள்ளி வைத்துவிட்டு, புனே திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு எழுதிக் கேளுங்கள்.