அச்சு வந்தும் ஏன் அமைதி?

கேள்வி: அச்சு இயந்திரம் வந்த நூறாண்டுக்குள் ஐரோப்பாவில் சமயமும் கல்வியும் தலைகீழாக மாறின என்று படித்தேன். தமிழில் 1578-ஆம் ஆண்டிலேயே நூல் அச்சாகியும் நம் சமூகத்தில் அத்தகைய மாற்றம் ஏன் நேரவில்லை?
- கல்லூரி மாணவி, திண்டுக்கல்

பதில்: நேர்ந்தது, ஆனால் ஏறத்தாழ இருநூற்றைம்பது ஆண்டுகள் கழித்து. அந்தத் தாமதத்துக்கு இயந்திரத்தைக் குறை சொல்வது நியாயமாகாது.

நீங்கள் குறிப்பிடும் 'தம்பிரான் வணக்கம்' என்ற 16 பக்கச் சிறுநூல், அண்ட்ரிக் அடிகளார் என்ற இயேசு சபைத் துறவியால் போர்த்துக்கீசிய மொழியிலிருந்து பெயர்க்கப்பட்டுக் கொல்லத்தில் அச்சாயிற்று. முத்துக்குளித்துறைப் பரதவர்களில் கிறித்தவம் தழுவியோருக்கு மறைக்கல்வி புகட்டுவதே அதன் நோக்கம். பின்னர் ஜெர்மன் மிஷனரி சீகன்பால்கு 1715-இல் தரங்கம்பாடியில் புதிய ஏற்பாட்டை அச்சிட்டு முடித்தபோதும் அச்சுக்கூடம் மிஷனரிகளின் வேலியைத் தாண்டவில்லை. செலவும் கொஞ்சமல்ல: ஜெர்மனியின் ஹாலே நகரிலிருந்து வந்த அச்செழுத்துகள் பருமனாக இருந்து காகிதத்தை விழுங்கியதால், தரங்கம்பாடியிலேயே சிறிய எழுத்துகளை வார்த்துக்கொண்டார்கள், அருகே பொறையாறில் காகித ஆலை ஒன்றும் வைத்துப் பார்த்தார்கள்.

நம் புலவர்களுக்கோ பனையோலையும் எழுத்தாணியும் போதுமானவையாக இருந்தன. ஆசிரியர் சொல்லச் சொல்ல மாணவர் மனப்பாடம் செய்யும் கல்வியில், அதுவும் மிகச் சிலரே பெற்ற கல்வியில், ஒரே நூலுக்கு ஆயிரம் படிகள் யாருக்குத் தேவை? 1812-இல் திருக்குறளின் மூலபாடம் அச்சானதைப் போன்ற முயற்சிகள் அன்று அரிதாகவே இருந்தன.

நிலைமையை மாற்றியவை அச்சகங்கள் மீதிருந்த கட்டுப்பாடுகளைத் தளர்த்திய 1835-ஆம் ஆண்டுச் சட்டமும், பாடநூலும் தேர்வும் கேட்ட புதிய பள்ளிகளும், 1857-இல் தொடங்கிய சென்னைப் பல்கலைக்கழகமுமே என்பது என் கருத்து. விவிலிய மொழிபெயர்ப்பில் பெர்சிவல் பாதிரியாருக்குத் துணைநின்ற ஆறுமுக நாவலர், 1849-இல் சென்னைக்கு வந்து அச்சு இயந்திரம் வாங்கிப்போய் யாழ்ப்பாணம் வண்ணார்பண்ணையில் நிறுவி, மிஷனரிகளிடம் கண்ட உத்தியைச் சைவத்துக்காகக் கையாண்டார். கருவி அங்கேதான் கை மாறியது.

அதன் பிறகும் பழைய ஓலைகள் அச்சுக்கு வர நெடுநாள் ஆயிற்று. 1880-இல் கும்பகோணத்துக்கு முன்சீப்பாக வந்த சேலம் இராமசாமி முதலியார், சீவக சிந்தாமணி படித்ததுண்டா என்று உ.வே. சாமிநாதையரைக் கேட்டார். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பாடம் கேட்டுக் கல்லூரியில் தமிழாசிரியராக இருந்த அவரே அதுவரை அந்நூலைப் படித்திருக்கவில்லை. அக்கேள்வியால் தொடங்கிய உழைப்பில் சிந்தாமணி 1887-இலும் புறநானூறு 1894-இலும் அச்சேறின. கொல்லத்தில் அந்தப் பதினாறு பக்கங்கள் அச்சான ஆண்டிலிருந்து எண்ணினால், புறநானூறு காத்திருந்த காலம் 316 ஆண்டுகள்.