லூக்கா 14:26: அம்மாவிடம் பேசாமலிருக்க அந்த வசனம் சொல்லவில்லை

சகோதரி, "தன் தகப்பனையும் தாயையும் வெறுக்காவிட்டால்" சீஷனாக முடியாது என்ற வசனத்தைக் காட்டி உங்கள் தம்பி அம்மாவிடம் பேச்சை நிறுத்திவிட்டார் என்று எழுதியிருந்தீர்கள். படிக்கவே வருத்தமாக இருந்தது.

இயேசு அங்கே உயர்வு நவிற்சியாகப் பேசுகிறார். அது அவருடைய வழக்கம். கண்ணில் உத்திரம் இருக்கிறது என்பார், ஒட்டகத்தை விழுங்குகிறீர்கள் என்பார். இதே கருத்து மத்தேயு 10:37-இல் "தகப்பனையாவது தாயையாவது என்னிலும் அதிகமாய் நேசிக்கிறவன் எனக்குப் பாத்திரன் அல்ல" என்று வருகிறது. முதலிடம் யாருக்கு என்பதுதான் கேள்வி. லூக்காவில் திரளான ஜனங்கள் பின்னால் வருகிறார்கள். அடுத்து, செலவைக் கணக்குப் பார்க்காமல் கோபுரம் கட்டத் தொடங்கியவனைப் பற்றிச் சொல்கிறார். கூட்டத்தை நிறுத்தி யோசிக்க வைக்கும் பேச்சு அது.

ஆனால் தம்பி முதலில் வாசிக்க வேண்டியது மாற்கு 7:9-13. பெற்றோருக்குக் கொடுக்க வேண்டியதை 'கொர்பான்', அதாவது கடவுளுக்கான காணிக்கை என்று சொல்லிவிட்டு, அவர்களைக் கவனிக்காமல் விடலாம் என்று போதித்தவர்களை இயேசு கடுமையாகக் கண்டிக்கிறார். பக்தியின் பெயரால் தாயைக் கைவிடுவதையேதான் கண்டிக்கிறார்! அப்புறம் யோவான் 19:26-27. சிலுவையில் தொங்கும்போதும் தம் தாயை ஒரு சீடரிடம் ஒப்படைக்கிறார்.

வாக்குவாதம் வேண்டாம், அவரோடு உட்கார்ந்து இவற்றை வாசியுங்கள். தம்பிக்கு வேத பாடம் நடத்துபவரே வீட்டாரை விட்டு விலகச் சொல்கிறாரா என்றும் கேளுங்கள். அப்படியானால் வேறு சபையிலுள்ள அனுபவமுள்ள போதகர் ஒருவரிடம் இருவருமாகப் போய்ப் பேசுங்கள்.